போர்க்காலப் பிரிட்டனில் ஆவணப்படம் எடுத்த பெண்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இரண்டாம் உலகப் போர் நடந்த 1939 முதல் 1945 வரையிலான ஆண்டுகளில், முக்கியமாகப் பிரிட்டனில், ஆவணப்பட இயக்குநர்களாக வேலை பார்த்த பெண்களைப் பற்றிய கேள்விகள் இவை. சோவியத் ஒன்றியமும் கனடாவும் இடையிடையே வரும். திரைப்பட மாணவர்களும் பழைய படங்களைத் தேடிப் பார்ப்பவர்களும் திரும்பத் திரும்பக் கேட்பவற்றைத் தொகுத்திருக்கிறோம்.

போர்க்கால ஆவணப்படம் என்றால் குண்டு வெடிக்கும் இடத்தில் எடுத்த படம்தானே?

சிறு பகுதி மட்டும்தான் அப்படி. பிரிட்டிஷ் ராணுவத்தின் படப்பிடிப்புப் பிரிவில் கேமராவோடு களத்துக்குப் போனவர்கள் ஆண்கள். பெண்கள் எடுத்தவை பெரும்பாலும் உள்நாட்டில் எடுக்கப்பட்டவை. இடிந்த கட்டடத்தின் அடியில் சுரங்கம் தோண்டி ஆளை மீட்பது எப்படி, தீயணைப்புக்கு ஒரு பம்பிலிருந்து அடுத்த பம்புக்குத் தண்ணீரைக் கடத்துவது எப்படி, பங்கீட்டில் கிடைக்கும் பாலாடைக்கட்டியை வைத்து என்ன சமைக்கலாம், மயக்க மருந்தை எப்படிக் கொடுக்க வேண்டும் என்பவை அவற்றின் விஷயம். திரைப்பட வரலாற்று நூல்கள் இவற்றைப் 'பயிற்சிப் படம்' என்று ஒரு வரியில் கடந்துவிடும். எங்கள் கருத்தில் அது பெரிய பிழை. பார்த்தவர் மறுநாள் காலை அந்த வேலையைச் சரியாகச் செய்தாரா என்பதுதான் இந்தப் படங்களுக்கு வைக்கப்பட்ட தேர்வு. போர்க்களக் காட்சிக்கு அப்படியொரு தேர்வு கிடையாது.

பெண்களுக்கு இந்த வாய்ப்பு எப்படிக் கிடைத்தது?

ஆண்கள் படைக்கு அழைக்கப்பட்டதால் இடம் காலியானது. அதே நேரத்தில் வேலை பெருகியது. 1940 நடுவிலிருந்து தகவல் அமைச்சகம் வாரம் ஒரு ஐந்து நிமிடப் படத்தைத் திரையரங்குகளுக்கு இலவசமாகக் கொடுத்தது. 1942 இறுதியில் அது மாதம் ஒரு பதினைந்து நிமிடப் படமாக மாறியது. உணவு, வேளாண்மை, உள்நாட்டுப் பாதுகாப்பு அமைச்சகங்களும் தனித்தனியே படம் கேட்டன. ஷெல் எண்ணெய் நிறுவனத்தின் படப்பிரிவு, ரியலிஸ்ட், ஸ்ட்ராண்ட், பால் ரோத்தாவின் நிறுவனம் போன்ற சிறு குழுக்கள் இவற்றை எடுத்துக் கொடுத்தன. 1941 டிசம்பரில் வந்த சட்டம் 20 முதல் 30 வயதுக்குட்பட்ட, திருமணமாகாத பெண்களையும் தேசியப் பணிக்கு அழைத்தது. பெண்கள் வெளியே வேலை செய்வது பற்றிய பேச்சே அதோடு மாறிப்போனது.

ஆனால் யாரும் வெறுங்கையோடு உள்ளே வரவில்லை. கண்டின்யூட்டி (ஷாட்டுக்கு ஷாட் தொடர்ச்சி தவறாமல் குறிப்பெழுதிக் காப்பது), எடிட்டிங், ஆய்வு, விளம்பரம் என்று பெண்களுக்கு ஏற்கெனவே திறந்திருந்த பக்கவாசல்களில் பல ஆண்டுகள் வேலை பழகியவர்கள்தான் இயக்குநர் நாற்காலிக்கு நகர்ந்தார்கள்.

முதலில் தெரிந்துகொள்ள வேண்டியவர்கள் யார்?

கே மாண்டர் டென்ஹாம் ஸ்டூடியோவில் கண்டின்யூட்டி பார்த்தவர். 1940-ல் ஆர்தர் எல்டன் அவரை ஷெல் படப்பிரிவில் சேர்த்துக்கொண்டார். 1941-ல் 'ஹவ் டு ஃபைல்', 1943-ல் 'ஹைலேண்ட் டாக்டர்', 1945-ல் 'ஹோம்ஸ் ஃபார் த பீப்பிள்' என்று தொடர்ந்து இயக்கினார்.

ரூபி கிரியர்சன், ஆவணப்பட இயக்கத்தின் தலைவராகக் கருதப்படும் ஜான் கிரியர்சனின் தங்கை. சாதாரண மக்களைக் கேமரா முன் கூச்சமில்லாமல் பேசவைப்பதில் அண்ணனைவிடக் கெட்டிக்காரர் என்பது பலரின் மதிப்பீடு, எங்களுடையதும் அதுவே. 1940-ல் இல்லத்தரசி ஒருவரின் ஒரு நாளைக் காட்டும் 'தே ஆல்சோ சர்வ்' படத்தையும் உணவு பற்றிய சில குறும்படங்களையும் எடுத்தார்.

பட்ஜ் கூப்பர் 1944-ல் டண்டீ நகரில் 'சில்ட்ரன் ஆஃப் த சிட்டி' எடுத்தார். திருட்டில் பிடிபடும் மூன்று சிறுவர்களை வைத்து, சிறார் குற்றத்தின் வேர் வீட்டிலும் தெருவிலும் இருப்பதைக் காட்டும் படம். ஜில் கிரெய்கி 1944-ல் போர்க்கால ஓவியர்களைப் பற்றி 'அவுட் ஆஃப் கேயாஸ்' எடுத்தார். நியூசிலாந்தில் வளர்ந்த மார்கரெட் தாம்சன் ரியலிஸ்ட் குழுவில் தோட்டம், வேளாண்மை, மருத்துவம் பற்றிய படங்களை இயக்கினார்.

'ஹவ் டு ஃபைல்' ஏன் இவ்வளவு பேசப்படுகிறது? அலுவலகக் கோப்பு பற்றிய படமா?

இல்லை, இந்த ஃபைல் அரம். விமானத் தொழிற்சாலைகளில் புதிதாகச் சேர்ந்தவர்களுக்கு உலோகத்தை ராவக் கற்றுக்கொடுக்கும் படம். தமிழ்நாட்டில் ஐ.டி.ஐ.யில் ஃபிட்டர் படித்தவர்களுக்கு இது உடனே புரியும். அவர்களும் முதல் வாரங்களை அரத்தோடும் வைஸோடும்தான் கழித்திருப்பார்கள்.

படத்தின் முக்கியமான முடிவு கேமராவை எங்கே வைப்பது என்பது. தொழிலாளியின் எதிரே வைத்தால் அவருடைய வலக்கை திரையின் இடப்பக்கம் விழும். பார்ப்பவர் மனதுக்குள் திருப்பிப் போட்டுப் பார்க்க வேண்டியிருக்கும். அந்த ஒரு நொடித் தடுமாற்றத்தில் அடுத்த அசைவு தப்பிவிடும். மாண்டர் கேமராவை வேலை செய்பவரின் கண் இருக்கும் இடத்துக்குக் கொண்டுபோனார். பார்ப்பவர் தன் கைகளையே பார்ப்பது போல் இருக்கும்.

சொல்ல எளிது, எடுக்கக் கடினம். தோளுக்குப் பின்னாலிருந்து எடுத்தால் தலையும் தோளும் வெளிச்சத்தை மறைக்கும். அரம் முன்னே போகும்போது உடம்பும் முன்னே சாயும், கேமராவை இடிக்கும். கேமராவை 60 செ.மீ. தூரத்தில் வைத்து, 50 மி.மீ. லென்ஸின் துவாரத்தை எஃப் 2.8 அளவுக்குத் திறந்தால் ஃபோகஸில் நிற்பது ஏறத்தாழ 2 செ.மீ. ஆழம். அரமோ 30 செ.மீ. நீளம். எஃப் 8-க்கு மூடினால் 6 செ.மீ. வரை கிடைக்கும், ஆனால் அதற்கு எட்டு மடங்கு வெளிச்சம் வேண்டும். அதனால் இத்தகைய காட்சிகளில் அரம் முழுவதையும் தெளிவாகக் காட்ட முயல்வது வீண். அரத்தின் பல் உலோகத்தைத் தொடும் கோட்டில் ஃபோகஸை நிறுத்திவிட்டு, கைப்பிடி மங்கலாகப் போனால் போகட்டும் என்று விட வேண்டும்.

எந்த அசைவுக்குத் தனி ஷாட் என்பது அடுத்த கேள்வி. அரம் முன்னே தள்ளும்போது மட்டும் வெட்டும், திரும்பி வரும்போது அழுத்தக் கூடாது. அழுத்தம் கண்ணுக்குத் தெரியாத ஒன்று. அதை எப்படிப் படமாக்குவது? முன்கையின் தசை, விரலின் நிறம், உதிரும் தூள் இவற்றின் வழியாகத்தான். பயிற்சிப் படத்தின் இயக்கம் என்பது இப்படித் தெரியாததைத் தெரியும் ஒன்றாக மாற்றுவதுதான்.

பத்து நிமிடப் படத்துக்கு எவ்வளவு ஃபிலிம் செலவானது?

35 மி.மீ. ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 சட்டகம் (ஃபிரேம்). நொடிக்கு 24 சட்டகம் ஓடினால் ஒன்றரை அடி, நிமிடத்துக்கு 90 அடி. பத்து நிமிடப் படம் 900 அடி. ஒரு நிமிடத்துக்கு ஐந்து நிமிடம் எடுத்தால் 4,500 அடி கச்சா ஃபிலிம், அதாவது இன்னும் படம் பதியாத ஃபிலிம், தேவை. போர்க்காலத்தில் கச்சா ஃபிலிம் கட்டுப்பாட்டில் இருந்தது. ஒரே காட்சியைப் பல தடவை எடுத்து அதில் ஒன்றைப் பொறுக்கும் வசதி இல்லை. ஆகவே ஒத்திகைதான் முதலீடு. கேமராவை ஓடவிடாமல் நான்கு தடவை செய்துபார்த்து, ஐந்தாவது தடவை எடுப்பார்கள்.

எந்தக் கேமராவில் எடுத்தார்கள்? எது அடிக்கடி கெட்டுப்போகும்?

பிரிட்டிஷ் ஆவணப்படக்காரர்களின் கைக்குப் பழகிய கேமரா நியூமன் சின்க்ளேர். சாவி கொடுத்துச் சுற்றும் சுருள்வில்லில் ஓடும், மின்சாரம் வேண்டாம். ஒரு மேகசினில் (ஃபிலிம் அடைத்த பெட்டியில்) 200 அடி, அதாவது இரண்டேகால் நிமிடத்துக்குச் சற்றுக் குறைவு. மேலே சொன்ன 4,500 அடிக்கு 23 மேகசின் மாற்ற வேண்டும். ஒவ்வொரு மாற்றத்துக்கும் வேலை செய்பவரின் கவனம் கலையும், கையின் இடம் மாறும்.

மிகச் சாதாரணமான கோளாறு சாவி கொடுக்க மறப்பது. வில் தளர்ந்தால் வேகம் 24-லிருந்து 18-க்கு இறங்கும். ஒவ்வொரு சட்டகத்துக்கும் மூன்றில் ஒரு பங்கு கூடுதல் வெளிச்சம் விழும். படம் வெளிறும், அசைவும் திரையில் அந்த அளவுக்கு வேகமாக ஓடும். சமையல் காட்சியில் இது சிரிப்பாகப் போய்விடும், மயக்க மருந்து கொடுக்கும் காட்சியில் ஆபத்தான பாடமாகிவிடும்.

அடுத்தது இடமாறு தோற்றம். வியூஃபைண்டர் லென்ஸுக்குப் பக்கத்தில் இருப்பதால், தூரக் காட்சியில் தெரியாத விலகல் நெருக்கக் காட்சியில் பெரிதாகிவிடும். கண்ணுக்குக் கை சட்டகத்தின் நடுவில் தெரியும், ஃபிலிமில் கட்டைவிரல் வெட்டுப்பட்டிருக்கும். குளிர்காலத்தில் வெளியிலிருந்து சூடான பட்டறைக்குள் கேமராவைக் கொண்டுவந்தால் லென்ஸில் பனி படரும். பெட்டியைத் திறக்காமல் அரை மணி நேரமாவது உள்ளே வைத்திருந்துவிட்டுத்தான் எடுக்க வேண்டும். வறண்ட குளிரில் ஃபிலிமை வேகமாகச் சுற்றினால் நிலைமின் பொறி பறந்து, நெகட்டிவில் மரக்கிளை போன்ற கோடுகள் விழும். ஃபிலிமில் ஒளி விழும் திறப்பான படச்சாளரத்தில் சிக்கும் ஒற்றை முடியோ லேப் கழுவி அனுப்பும்வரை யாருக்கும் தெரியாது. ஒவ்வொரு மேகசினுக்கும் அதைத் திறந்து பார்த்துத் துடைப்பது உதவியாளரின் வேலை.

வீடுகளிலும் தொழிற்சாலைகளிலும் விளக்கு எப்படிப் போட்டார்கள்?

பயமாகத்தான். 5 கிலோவாட் விளக்கு ஒன்று 230 வோல்ட்டில் ஏறத்தாழ 22 ஆம்பியர் இழுக்கும். அக்காலப் பிரிட்டிஷ் வீட்டில் பெரிய பிளக் 15 ஆம்பியர். ஆக வீட்டுக்குள் 2 கிலோவாட் விளக்குதான் எல்லை, அதுவும் ஒரு பிளக்குக்கு ஒன்று. ஊருக்கு ஊர் வோல்ட்டேஜ் வேறு, சில ஊர்களில் நேர்மின்னோட்டமே இருந்தது. முன்னதாகப் போய் மீட்டர் பெட்டியைப் பார்க்காமல் விளக்கை ஏற்றினால் பல்பு போகும், இல்லையேல் தெருவின் ஃபியூஸ் போகும். இருட்டடிப்பு விதி வேறு. சூரியன் மறைந்தபின் ஜன்னல் இடுக்கு வழியே ஒரு கீற்று வெளியே போனாலும் குற்றம். இரவு வேலையைக் காட்ட வேண்டுமானால், பகலிலேயே ஜன்னலை மூடி இரவாக்கி எடுப்பது எளிய வழி.

கண்டின்யூட்டி பார்த்த அனுபவம் இயக்குநருக்கு எப்படி உதவியது?

கண்டின்யூட்டி தாளில் ஒவ்வொரு டேக்குக்கும் ஷாட் எண், லென்ஸ், ஓடிய அடி, நடந்த செயல், எந்தக் கையில் எந்தக் கருவி, டேக் வீணானால் காரணம் ஆகியவை பதிவாகும். கதைப்படத்தில் இது தவறினால் நாயகியின் கைக்குட்டை நிறம் மாறும், ரசிகர் சிரிப்பார். பயிற்சிப் படத்தில் தவறினால் பாடமே தவறிவிடும். தூரக் காட்சியில் குழாயின் வால்வை இரண்டு சுற்றுத் திறந்துவிட்டு, நெருக்கக் காட்சியில் மறுபடி முதலிலிருந்து திறந்தால் பார்ப்பவர் நான்கு சுற்று என்று கற்றுக்கொள்வார். 1942-ல் மாண்டர் இயக்கிய, தண்ணீரைப் பம்புக்குப் பம்பு கடத்தும் தீயணைப்புப் படத்தைப் பாருங்கள். யார் எங்கே ஓடுகிறார், குழாய் எந்தப் பக்கம் விரிகிறது என்பதில் குழப்பமே வராது. திரையில் இடமிருந்து வலமாகப் போகும் தண்ணீர் அடுத்த ஷாட்டில் வலமிருந்து இடமாகப் போனால், தலைகீழாக ஓடுவதாகத்தான் கண் நம்பும்.

'வெறும் குறிப்பெழுதும் வேலை' என்று பெண்களிடம் தள்ளிவிட்ட ஒன்று, இப்படி இயக்கத்துக்கே பள்ளிக்கூடமாக ஆகிவிட்டது.

ஏன் பெரும்பாலான படங்களில் யாரும் பேசுவதில்லை? ஒரே ஆண் குரல் வர்ணனை ஏன்?

குரலைக் காட்சியோடு சேர்த்துப் பதிய ஒலிப்பதிவு வண்டி வேண்டும். காந்த நாடா அப்போது பிரிட்டனில் புழக்கத்தில் இல்லை. ஒலியும் ஒளியாகி ஃபிலிமில்தான் பதிந்தது, அதற்கும் கச்சா ஃபிலிம் தேவை. ஓடும்போது கேமரா எழுப்பும் சத்தம் மைக்கில் விழும். அதனால் மௌனமாக எடுத்து, எடிட்டிங் முடிந்தபின் வர்ணனை சேர்ப்பது மலிவு. டப்பிங் அரங்கில் வர்ணனை, இசை, சத்தம் மூன்றையும் படம் ஓட ஓடக் கலக்க வேண்டும். எட்டாவது நிமிடத்தில் வர்ணனையாளர் இருமினால் ரீல் முழுவதும் மறுபடி.

எழுதுபவர் தெரிந்துகொள்ள வேண்டிய அளவு ஒன்று உண்டு. ஆங்கில வர்ணனை இடைவிடாமல் போனால் நிமிடத்துக்கு 120 முதல் 140 சொல். நல்ல பயிற்சிப் படம் அதில் பாதியைக்கூட எட்டாது. கை வேலை செய்யும்போது வாய் மூடியிருக்க வேண்டும் என்பதுதான் விதி. இத்தகைய படத்துக்கு இன்று தமிழ் வர்ணனை எழுதுபவர்கள் இன்னும் சிக்கனமாக இருக்க வேண்டும், நம் சொற்கள் நீளமானவை.

இந்த வழக்கத்திலிருந்து விலகியதால்தான் 'ஹோம்ஸ் ஃபார் த பீப்பிள்' தனித்து நிற்கிறது. அதில் உழைக்கும் குடும்பப் பெண்கள் தங்கள் வீட்டின் குறையைத் தாங்களே சொல்கிறார்கள். தண்ணீர் எங்கிருந்து வருகிறது, துணி எங்கே காய்கிறது, குழந்தை எங்கே தூங்குகிறது என்று. 1945 தேர்தல் காலத்தில் டெய்லி ஹெரால்ட் நாளிதழின் ஆதரவோடு வந்த படம் என்பதால் அதன் அரசியல் ஒளிவுமறைவற்றது.

ஒரு படம் முடிய எத்தனை கட்டங்கள்? எங்கே சிக்கும்?

அமைச்சகம் கருப்பொருளைக் கொடுக்கும். இயக்குநர் நேரில் போய்ப் பார்த்து இரண்டு மூன்று பக்கத்தில் அணுகுமுறை எழுதுவார். துறை நிபுணர் ஒருவர் தொழில்நுட்ப ஆலோசகராக வருவார். பிறகு ஷாட் வாரியான ஸ்கிரிப்ட், அனுமதிக் கடிதங்கள், படப்பிடிப்பு, ரஷஸ் (எடுத்ததைக் கழுவிப் பார்க்கும் முதல் பிரதி), எடிட்டிங், வர்ணனை, கலவை, நெகட்டிவ் வெட்டு, பிரிண்ட், கடைசியாக 16 மி.மீ. சிறு பிரிண்ட்.

சிக்கும் இடம் ஆலோசகர்தான். ஸ்கிரிப்டில் ஒத்துக்கொண்ட நிபுணர், வெட்டி முடித்த படத்தைப் பார்த்தபின் 'இப்போது முறை மாறிவிட்டது' என்பார். போர்க்காலத்தில் முறைகள் உண்மையாகவே மாதத்துக்கு மாதம் மாறின. மாறக்கூடிய படிகளைத் தனி ஷாட்டாக, முகம் தெரியாமல், கையும் கருவியும் மட்டும் தெரியும்படி எடுத்துவைத்தால் பிறகு அதை மட்டும் மாற்றி எடுக்கலாம். புகைப்படக் கட்டுப்பாட்டு ஆணை 1939-லேயே வந்துவிட்டதால் ராணுவ இடம், துறைமுகம், சில ஆலைகள் எல்லாவற்றுக்கும் அனுமதி தேவை. பின்னணியில் ஒரு கிரேன் தெரிந்தாலும் தணிக்கையில் நிற்கும்.

வேளாண் படங்களுக்குப் பருவம் வேறு குறுக்கே வரும். மார்கரெட் தாம்சன் எடுத்தவற்றில் காய்கறியைச் சேமித்துவைப்பது பற்றிய படங்கள் உண்டு. அறுவடைக் காலத்தில்தான் எடுக்க முடியும், ஆனால் அறுவடைக்கு முன்பே மக்கள் பார்க்க வேண்டும். அப்படியானால் முந்தைய ஆண்டே எடுத்துவைக்க வேண்டும்.

இந்தப் படங்களை யார், எங்கே பார்த்தார்கள்?

திரையரங்கில் போனவை குறைவு. தகவல் அமைச்சகம் நூற்றுக்கும் மேற்பட்ட நடமாடும் வண்டிகளை ஓட்டியது. ஒவ்வொன்றிலும் 16 மி.மீ. ப்ரொஜெக்டர், மடிக்கும் திரை, ஒலிபெருக்கி. கிராம மண்டபம், பள்ளி, மகளிர் சங்கம், ஆலை உணவகம் என்று போனார்கள். ஆலையில் சாப்பாட்டு இடைவேளைக்குள் காட்சி முடிய வேண்டும். தட்டுச் சத்தம், பாதி வெளிச்சம். 35-லிருந்து 16-க்குச் சுருக்கும்போது ஒலியின் மேல் அதிர்வெண் குறைந்து ஸ, ஷ போன்ற உரசொலிகள் மங்கும். நுணுக்கமான இருட்டுக் காட்சி அங்கே கறுப்புப் பலகை. இதைத் தெரிந்த இயக்குநர்கள் காட்சியைப் பெரிதாகவும் வெளிச்சமாகவும் அமைத்தார்கள். இந்தப் படங்கள் 'அழகில்லை' என்று குறைசொல்பவர்கள் அந்த உணவகத்தை நினைத்துப்பார்க்க வேண்டும்.

மருத்துவப் படங்களிலும் பெண் இயக்குநர்கள் இருந்தார்களா?

ஆம். 1944-ல் ஐ.சி.ஐ. என்ற வேதிப்பொருள் நிறுவனத்துக்காக ரியலிஸ்ட் குழு மயக்க மருந்து நுட்பம் பற்றி ஒரு தொடர் எடுத்தது. லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் மருத்துவமனையின் மயக்கவியல் துறை உதவியது. மார்கரெட் தாம்சன், இவோன் ஃபிளெட்சர், ரோசான் ஹண்டர் ஆகியோர் அதில் வேலை செய்தார்கள். ஈதர் ஆவி தீப்பற்றும். சூடான விளக்கும் ஈதரும் ஒரே அறையில் இருந்தால் என்ன ஆகும் என்று சொல்லத் தேவையில்லை. அவ்வகைப் படப்பிடிப்பில் விளக்கின் தூரமும் காற்றோட்டமும்தான் முதல் திட்டம், கேமரா கோணம் அதற்குப் பிறகு.

மாண்டரின் 'ஹைலேண்ட் டாக்டர்' வேறு வகை. ஸ்காட்லாந்தின் மலைப்பகுதிக்கும் தீவுகளுக்கும் 1913 முதல் அரசு உதவியோடு நடந்த மருத்துவச் சேவையைக் கதைபோலச் சொல்கிறது, விமான ஆம்புலன்ஸ் உட்பட. 1948-ல் பிரிட்டன் முழுவதற்கும் வந்த தேசிய மருத்துவச் சேவைக்கு அது ஒரு முன்மாதிரி.

ரூபி கிரியர்சன் எப்படி இறந்தார்?

கனடாவுக்கு அனுப்பப்பட்ட பிரிட்டிஷ் குழந்தைகளைப் பற்றி, கனடா தேசியத் திரைப்பட வாரியத்துக்காகப் படமெடுக்க 'சிட்டி ஆஃப் பெனாரஸ்' கப்பலில் போனார். 1940 செப்டம்பர் 13 அன்று லிவர்பூலிலிருந்து புறப்பட்ட கப்பலை 17-ஆம் தேதி இரவு நடு அட்லாண்டிக்கில் ஜெர்மன் நீர்மூழ்கி யூ-48 தாக்கியது. அரசுத் திட்டத்தில் அனுப்பப்பட்ட 90 குழந்தைகளில் 77 பேர் இறந்தார்கள். காசியின் பெயர் தாங்கிய அந்தக் கப்பலின் ஊழியர்களில் பெரும்பகுதியினர் இந்தியத் துணைக்கண்டத்து லாஸ்கர் மாலுமிகள். அவர்களிலும் ஏராளமானோர் மடிந்தார்கள். ரூபியின் மரணத்தைப் பற்றி எழுதுபவர்கள் இவர்களைக் குறிப்பிடுவது அபூர்வம். குழந்தைகளைக் கடல் கடந்து அனுப்பும் திட்டம் அதோடு நிறுத்தப்பட்டது.

போர்முனைக்கே கேமராவோடு போன பெண்கள் யாருமில்லையா?

சோவியத் ஒன்றியத்தில் இருந்தார்கள். மரியா சுகோவாவும் ஒட்டிலியா ரெய்ஸ்மனும் ஜெர்மானியர் பிடித்திருந்த பெலாரஸ் பகுதிக்குள் கொரில்லாப் படைகளோடு இருந்து எடுத்தார்கள். சுகோவா 1944 மே மாதம் அங்கேயே காயம்பட்டு இறந்தார். சோவியத் முனைகளில் ஓடிய சுருள்வில் கைக்கேமராக்களில் 30 மீட்டர் ஃபிலிம்தான் கொள்ளும், ஒரு நிமிடத்துக்குச் சற்று அதிகம். தாக்குதல் நடுவே மாற்ற நேரமிராது, ஆகவே ஒரு ஷாட்டுக்கு ஐந்தாறு நொடிதான் செலவழிக்க முடியும்.

எடிட்டிங் மேசையில் எலிசவேட்டா ஸ்விலோவா முக்கியமானவர். ஆஷ்விட்ஸ் முகாம் விடுவிக்கப்பட்டபோது எடுத்த காட்சிகளைக் கொண்டு 1945-ல் படம் உருவாக்கியவர். கணவரும் புகழ்பெற்ற ஆவணப்பட இயக்குநருமான ஜீகா வெர்தோவின் நிழலில் அவர் பெயர் நெடுநாள் மறைந்துகிடந்தது.

ஜில் கிரெய்கியின் படங்கள் பயிற்சிப் படங்களா?

இல்லை, ஆனால் அதே கூர்மை அவற்றிலும் உண்டு. 'அவுட் ஆஃப் கேயாஸ்' படத்தில் ஹென்றி மூர் மெழுகுக் கட்டியால் கோடிழுத்து, மேலே நீர்வண்ணம் பூசுகிறார். மெழுகு இருக்கும் இடத்தில் வண்ணம் ஒட்டாமல் விலகி, லண்டன் சுரங்க ரயில் நிலையத்தில் படுத்துறங்கும் மக்களின் உருவம் எழுகிறது. நவீன ஓவியம் புரியவில்லை என்பவருக்கு அந்த இரண்டு நிமிடம் போதும். 1946-ல் வந்த 'த வே வி லிவ்' குண்டுவீச்சில் அழிந்த பிளைமவுத் நகரை மறுபடி கட்டும் திட்டம் பற்றியது. அதை விநியோகிக்கத் தயக்கம் இருந்தது, பத்திரிகை விமர்சகர்களின் ஆதரவுதான் அதைத் திரைக்குத் தள்ளியது.

இவையெல்லாம் அரசுப் பிரச்சாரம்தானே?

பணம் கொடுத்தவர் அரசு, ஆகவே ஆம். ஆனால் வகை பிரித்துப் பார்க்க வேண்டும். அரம் பிடிப்பதில் பிரச்சாரம் ஏதுமில்லை. 'தே ஆல்சோ சர்வ்' இல்லத்தரசியைப் போற்றுவதன் மூலம் அவர்மேல் இன்னும் பாரம் ஏற்றுகிறது, அதைச் சொல்லாமல் விடக் கூடாது. 'சில்ட்ரன் ஆஃப் த சிட்டி' அரசுப் பணத்திலேயே அரசின் குறையைக் காட்டுகிறது.

போர் முடிந்ததும் என்ன ஆனது?

ஆண்கள் திரும்பினார்கள், அமைச்சகங்களின் பணம் சுருங்கியது. மாண்டர் கதைப்படம் இயக்க வாய்ப்புக் கேட்டபோது, ஆண்கள் நிறைந்த குழுவைப் பெண்ணால் கட்டி மேய்க்க முடியாது என்று ஈலிங் ஸ்டூடியோவின் மைக்கேல் பால்கன் மறுத்ததாகச் சொல்லப்படுகிறது. அவர் கண்டின்யூட்டிக்கே திரும்பினார். 1963-ல் வந்த ஜேம்ஸ் பாண்ட் படம் 'ஃப்ரம் ரஷ்யா வித் லவ்' பெயர்ப்பட்டியலில் அவரைப் பார்க்கலாம். கிரெய்கி 1951-ல் சம ஊதியம் கேட்டு 'டு பி எ வுமன்' எடுத்தார்.

கனடாவில் இன்னும் சீக்கிரமே கதவு மூடியது. 'விமன் ஆர் வாரியர்ஸ்' உள்ளிட்ட படங்களை எடுத்த ஜேன் மார்ஷ், தான் நடைமுறையில் நடத்திவந்த தொடருக்குத் தலைமைப் பொறுப்பைப் பெண் என்பதால் ஜான் கிரியர்சன் தரவில்லை என்று, அவர் அப்போது தலைமை வகித்த கனடா தேசியத் திரைப்பட வாரியத்தை விட்டு 1944-ல் விலகினார். பெண்களின் போர்ப்பணியைப் போற்றிப் படமெடுக்கச் சொன்ன அதே வாரியம்.

இந்தக் கட்டுப்பாடுகள் இந்தியாவை எட்டினவா?

எட்டின. 1943-ல் இந்தியப் பாதுகாப்பு விதிகளின்கீழ் கச்சா ஃபிலிம் பங்கீடு வந்து, கதைப்படத்தின் நீளம் 11,000 அடிக்கு மேல் போகக் கூடாது என்றானது. 90-ஆல் வகுத்தால் இரண்டு மணி இரண்டு நிமிடம். ஐம்பது அறுபது பாடல்களோடு மூன்று மணி நேரத்தைத் தாண்டி ஓடிப் பழகிய தமிழ்ப் படங்கள் திடீரென்று சுருங்கியதற்கு இதுவும் ஒரு காரணம். திரையரங்குகள் அரசு அங்கீகரித்த செய்தி, ஆவணப்படங்களைக் காட்டுவதும் அப்போதுதான் கட்டாயமானது.

பெயர்ப்பட்டியலில் பெண்களின் பெயரைக் கண்டுபிடிக்க முடியவில்லையே?

பல அரசுக் குறும்படங்களில் பெயர்ப்பட்டியலே கிடையாது. இருந்தாலும் முதலெழுத்தும் குடும்பப் பெயரும் மட்டும் இருக்கும், 'பட்ஜ்' போன்ற செல்லப்பெயர் ஆணா பெண்ணா என்று காட்டாது. ரூபியைப் போல, 1935-ல் 'ஹவுசிங் பிராப்ளம்ஸ்' படத்தில் மக்களைப் பேசவைத்தும் இயக்குநர் வரிசையில் இடம்பெறாதவர்களும் உண்டு. படத்தின் தலைப்பைவிட, தயாரித்த குழுவின் பெயரையும் ஆண்டையும் வைத்துத் தேடுங்கள். பிரிட்டிஷ் திரைப்பட நிறுவனம், இம்பீரியல் போர் அருங்காட்சியகம், ஸ்காட்லாந்து தேசிய நூலகத்தின் அசைபடக் காப்பகம், மருத்துவப் படங்களுக்கு வெல்கம் சேகரிப்பு ஆகிய நான்கும் இணையத்தில் பட்டியல் வைத்திருக்கின்றன. பல படங்களை அங்கேயே பார்க்கலாம்.

பழைய ஃபிலிம் பெட்டி கையில் கிடைத்தால் ஓட்டிப் பார்க்கலாமா?

35 மி.மீ. என்றால் கூடாது. 1950களின் தொடக்கம்வரை வந்த 35 மி.மீ. ஃபிலிம் பெரும்பாலும் நைட்ரேட். எரியத் தேவையான ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருப்பதால் தண்ணீருக்கடியிலும் எரியும், புகை நச்சு. ஓரத்தில் 'நைட்ரேட்' என்று ஆங்கிலத்தில் அச்சாகியிருக்கிறதா என்று பாருங்கள். 16 மி.மீ. ஃபிலிம் நைட்ரேட்டில் வழக்கமாகச் செய்யப்பட்டதில்லை, அதனால்தான் நடமாடும் வண்டிகள் அதை எடுத்துப்போயின. நைட்ரேட் கெடும்போது முதலில் படம் மங்கும், பிறகு பிசுபிசுக்கும், குமிழி விடும், கடைசியில் பழுப்புத் தூளாகும். தூள்நிலைக்கு அருகில் இருக்கும் சுருள் வெயில் காலத்தில் தானாகவே பற்றலாம். காற்றுப் புகாமல் மூடி வைக்காதீர்கள், வெயிலிலும் காரிலும் வைக்காதீர்கள், தபாலிலோ கூரியரிலோ அனுப்பாதீர்கள். சிகரெட், ஊதுபத்தி, கற்பூரம் எதுவும் அருகில் வேண்டாம். குளிர்ந்த, காற்றோட்டமுள்ள இடத்தில் வைத்துவிட்டு, புனேயிலுள்ள தேசியத் திரைப்படக் காப்பகத்தைக் கேளுங்கள். பிசுபிசுப்பைத் தாண்டிக் குமிழியோ தூளோ தெரிந்தால் கையால் தொடாமல் தீயணைப்புத் துறையை அழையுங்கள்.